தோன்றாதவரின் மேன்முறையீடு

கண்டி அரசர் காலத்தில் மன்னரிடம் முறையிட விரும்பியவர் நேரில் வந்தாக வேண்டும். மன்னர் வெளியே புறப்படும் வழியில் விழுந்து வணங்கலாம். தலதா மாளிகையிலோ நாத தேவாலயத்திலோ புகுந்து அடைக்கலம் கேட்கலாம். அங்கிருந்து அவருடைய குறை அரண்மனைக்குப் போய்ச் சேரும். அரண்மனைக்குக் கேட்கும் தூரத்தில் ஒரு மரத்தில் ஏறி உரக்கச் சொல்வதும் ஏற்கப்பட்ட வழியாகவே இருந்தது. பிரித்தானியரின் பிரதிநிதியாகக் கண்டியில் இருந்து, 1824-இல் அங்கேயே இறந்த ஜோன் டொய்லி இவற்றையெல்லாம் பதிவு செய்திருக்கிறார். கமசபை, ரட்டசபை, அதிகாரம்மார், மகா நடுவ என்று நியாயம் பார்க்கும் இடங்கள் அடுக்கடுக்காக இருந்தன. எல்லாவற்றுக்கும் மேலே மன்னர். அந்த ஒழுங்கில் 'மேன்முறையீடு செய்தவர் வரவில்லை' என்ற சிக்கலே எழ முடியாது. ஆள் வந்து நின்றால்தான் முறையீடே தொடங்கும்.

கண்டியைப் பிரித்தானிய ஆட்சிக்குள் கொண்டுவந்த 1815 மார்ச் 2-ஆம் தேதி உடன்படிக்கைக்குப் பிறகும் கண்டிப் பிரதேசம் சில காலம் தனியான நீதி நிருவாகத்தின் கீழேயே இருந்தது. சார்ல்ஸ் ஹே கமரன் தீவின் நீதி நிருவாகத்தை ஆராய்ந்ததைத் தொடர்ந்து வந்த 1833-ஆம் ஆண்டின் நீதிப் பட்டயம் தீவு முழுவதையும் ஒரே நீதிமன்ற அமைப்புக்குள் கொண்டுவந்தது. தீர்ப்பை மறுப்பவர் இனிக் கடதாசியில் மறுக்க வேண்டும். முறையீடு ஓரிடத்திலும் முறையிட்டவர் இன்னோரிடத்திலுமாகப் பிரிந்தது அப்போதுதான். மனு மேல்மன்றின் பதிவேட்டில் இலக்கம் பெற்றிருக்கும். மனுவைக் கொடுத்தவர் கலஹாவிலோ ஹேவாஹெட்டையிலோ தன் வேலையைப் பார்த்துக்கொண்டிருப்பார். வழக்கு அழைக்கப்படும் நாளில் அவரும் வரவில்லை, அவருடைய சட்டத்தரணியும் வரவில்லை என்றால் மன்று என்ன செய்ய வேண்டும்? எத்தனையோ குடும்பங்களின் காணியும் வீடும் இந்தக் கேள்வியில்தான் தொங்குகின்றன. ஆனால் சட்ட நூல்களுக்கு வெளியே இதைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை.

மேன்முறையீடு எப்படி அந்த நாளை வந்தடைகிறது என்பதை முதலில் பார்ப்போம். இலங்கையின் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவை 1889-ஆம் ஆண்டின் 2-ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம். மாவட்ட நீதிமன்றம் தீர்ப்புச் சொன்ன நாளிலிருந்து 14 நாட்களுக்குள் மேன்முறையீட்டு அறிவித்தலைக் கொடுக்க வேண்டும். இந்த 14 நாட்களில் ஞாயிறும் பொது விடுமுறைகளும் சேரா. ஆனால் மேன்முறையீட்டு மனுவைத் தாக்கல் செய்ய உள்ள 60 நாட்களுக்கு அந்தச் சலுகை இல்லை. அது ஒருநாள் தவறினாலும் ஆபத்து. எதிர்த்தரப்பின் செலவுக்குப் பிணை வைக்க வேண்டும். தீர்ப்பில் எது பிழை, ஏன் பிழை என்பதை மனுவில் சுருக்கமாகவும் தெளிவாகவும் எழுத வேண்டும். பிறகு மாவட்ட நீதிமன்றம் வழக்கேட்டை மேலே அனுப்பும். மேல்மன்றின் பதிவாளர் இலக்கமிட்டு, தரப்பினருக்குப் பதிவுத் தபாலில் அறிவிப்பார். ஆக, விசாரணைத் தவணை வரும்போது மேன்முறையீட்டாளர் தன் பங்கில் பெரும்பகுதியை ஏற்கெனவே செய்து முடித்திருக்கிறார். அவர் சொல்ல வேண்டியது எழுத்தில் மன்றின் முன் இருக்கிறது. சாட்சியமும் ஆவணங்களும் கீழ்மன்றின் தீர்ப்பும் அதே கட்டில் இருக்கின்றன.

நெடுங்காலம் இந்தக் கட்டு கண்டியிலிருந்து கொழும்புக்குப் போனது. கண்டி மாவட்ட நீதிமன்றில் தோற்றவர் கொழும்பு நீதிமன்றங்கள் இருக்கும் புதுக்கடைக்குத்தான் போக வேண்டும். 115 கிலோமீற்றர் தூரம், முதல் நாளே புறப்பட்டுத் தங்கும் செலவு, கொழும்புச் சட்டத்தரணிக்குக் கட்டணம், அன்று வழக்கு எடுபடாவிட்டால் இன்னொரு தவணை. 2006-ஆம் ஆண்டின் 54-ஆம் இலக்கச் சட்டம், மாகாண மேல் நீதிமன்றங்களுக்குக் குடியியல் மேன்முறையீட்டு நியாயாதிக்கத்தைக் கொடுத்து, இந்தப் பயணத்தை முடித்து வைத்தது. மத்திய மாகாணத்துக்கான குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றம் கண்டியில் அமர்கிறது. வழக்கமாக இரண்டு நீதிபதிகளுக்குக் குறையாமல் சேர்ந்து விசாரிப்பார்கள். மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கென்று கோவையில் எழுதப்பட்டிருந்த விதிகள் இந்த மேல் நீதிமன்றங்களுக்கும் பொருந்தும் என்று அந்தச் சட்டமே சொல்லிவிட்டது. வராதவர் பற்றிய விதியும் அவற்றில் அடங்கும்.

அந்த விதி கோவையின் 769-ஆம் பிரிவில் இருக்கிறது. மேன்முறையீட்டாளர் நேரிலோ சட்டத்தரணி மூலமோ தோன்றி மேன்முறையீட்டை ஆதரித்துப் பேசாவிட்டால், மன்று அந்த மேன்முறையீட்டைப் பரிசீலித்து, தனக்குத் தகுந்ததென்று தோன்றும் கட்டளையை ஆக்க வேண்டும். அப்படித் தள்ளுபடியான மேன்முறையீட்டை, போதிய காரணம் காட்டப்பட்டால், தகுந்த நிபந்தனைகளோடு மீண்டும் பட்டியலில் சேர்க்கவும் மன்றுக்கு அதிகாரம் உண்டு. 2-ஆம் உட்பிரிவும் அதன் காப்பு வாசகமும் சொல்வது இவ்வளவுதான்.

இந்த ஏற்பாட்டில் பொதிந்திருக்கும் கடமை கவனத்துக்குரியது. வராவிட்டால் தள்ளிவிடு என்று சட்டம் சொல்லவில்லை. முதலில் பரிசீலி, பிறகு கட்டளை இடு என்கிறது. வராதவருடைய மனு வலுவானதாக இருந்தால், கீழ்மன்றின் தீர்ப்பில் கண்ணுக்குத் தெரியும் பிழை இருந்தால், அவர் இல்லாமலே அவருக்குச் சாதகமாகக் கட்டளை இடவும் இந்த வாசகம் இடம் தருகிறது.

இந்தியச் சட்டம் இதற்கு நேரெதிரான பாதையில் போயிருக்கிறது. 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில், 41-ஆம் கட்டளையின் 17-ஆம் விதிப்படி, மேன்முறையீட்டாளர் வராவிட்டால் நீதிமன்றம் மேன்முறையீட்டைத் தள்ளுபடி செய்யலாம். அந்த நிலையில் வழக்கின் தகுதிக்குள் போய்த் தீர்ப்புச் சொல்லலாமா என்பதில் உயர் நீதிமன்றங்களிடையே கருத்து வேறுபாடு இருந்தது. 1976-ஆம் ஆண்டுத் திருத்தம் ஒரு விளக்கத்தைச் சேர்த்து, போகக்கூடாது என்று முடிவு கட்டியது. அப்துர் ரஹ்மான் எதிர் அதிஃபா பேகம் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் 1996-இல் அதையே உறுதிப்படுத்தியது. வராதவரின் வழக்கை வராமைக்காகத் தள்ளலாம், தகுதி பார்த்துத் தள்ளக்கூடாது என்பது அங்குள்ள நிலை. காரணம் எளியது. தகுதி பார்த்துத் தள்ளினால் அவர் திரும்பி வந்து கேட்க எதுவும் மிஞ்சாது. வராமைக்காக மட்டும் தள்ளினால், 30 நாட்களுக்குள் காரணம் காட்டி, 19-ஆம் விதியின் கீழ் மீட்டுக்கொள்ளலாம்.

இரண்டு நாடுகளும் வராதவரைக் காப்பாற்றத்தான் நினைத்திருக்கின்றன. எடுத்த வழிதான் வேறு. இந்தியா அவருடைய வழக்கைத் தொடாமல் வைத்துக் கதவைத் திறந்து வைக்கிறது. இலங்கை, நீதிபதியை வழக்கேட்டைத் திறக்கச் சொல்லி, அதற்கு மேலும் ஒரு கதவைத் திறந்து வைக்கிறது. தாளில் பார்த்தால் இலங்கையின் ஏற்பாடே கூடுதல் இரக்கமுள்ளது. ஆனால் வழக்கேட்டைப் பார்க்காமல், ஆள் இல்லை என்பதை மட்டும் குறித்துக்கொண்டு ஒருவரிக் கட்டளையில் தள்ளிவிட்டால் இரண்டு பாதுகாப்பில் ஒன்று காணாமல் போகிறது. இந்தியாவில் அப்படிப்பட்ட ஒருவரிக் கட்டளை சட்டப்படி சரி. இலங்கையில் அது சட்டம் கேட்பதில் பாதிதான். வராமைக்காகத் தள்ளுவது இங்கே நெடுநாளாகப் பழகிப்போன சொற்றொடர் என்பதற்காக, 769-ஆம் பிரிவு மன்றின் மேல் சுமத்தும் வேலை இல்லாமல் போய்விடாது என்பதே என் நிலைப்பாடு.

ஏன் வராமல் போகிறார்கள்? அக்கறை இல்லாதவர்களும் இருக்கிறார்கள். தோல்வி உறுதி என்று தெரிந்து ஒதுங்குபவர்களும் இருக்கிறார்கள். அவர்களைப் பற்றிக் கவலைப்பட வேண்டியதில்லை. கண்டியைச் சுற்றியுள்ள வழக்குகளின் தன்மையை அறிந்தவர்களுக்கு வேறு காரணங்களும் தெரியும். இங்கே காணி வழக்குகளில் பெரும் இடம் பிடிப்பவை பாகப்பிரிவினை வழக்குகள். தலைமுறை தலைமுறையாகப் பிரிக்கப்படாமல் வந்த தோட்டம், வயல், வீட்டு வளவு. ஒரே காணியில் பத்து, இருபது, சில வேளை அதற்கும் மேற்பட்ட பங்காளிகள். 1977-ஆம் ஆண்டின் 21-ஆம் இலக்கச் சட்டம் இவற்றை விரைவுபடுத்தவே வந்தது; ஆயினும் வழக்குப் போட்டவர் இறந்து, மகன் தொடர்ந்து, அவரும் முதுமையடைவது இந்த வழக்குகளில் அரிதல்ல. மேன்முறையீடு நிலுவையில் இருக்கும்போது ஒருவர் இறந்தால் அவருடைய இடத்தில் யாரைச் சேர்ப்பது என்பதற்குக் கோவையின் 760அ பிரிவு வழி சொல்கிறது. ஆனால் இறந்தவரின் பிள்ளைகளுக்கு அப்படியொரு மேன்முறையீடு இருப்பதே தெரியாமல் இருக்கலாம். அப்பாவின் பெயரில் வரும் பதிவுத் தபால் யார் கையிலும் சேராமல் திரும்பிப் போகும்.

சட்டத்தரணியோடு உள்ள தொடர்பும் இப்படித்தான் அறுகிறது. ஒருவர் புரொக்சியில் கையொப்பமிட்டுச் சட்டத்தரணியை நியமித்தால், அது வழக்கின் எல்லா நடவடிக்கைகளும் முடியும்வரை வலுவில் இருக்கும். அந்தப் பதிவுச் சட்டத்தரணியிடம் கொடுக்கப்படும் அறிவித்தல், கட்சிக்காரரிடமே கொடுத்ததற்குச் சமம். பத்து வருடத்துக்கு முன் மாவட்ட நீதிமன்றில் வழக்கு நடத்தியவரோடு கட்சிக்காரருக்கு இன்று பேச்சுவார்த்தை இருக்கிறதா? அவர் இன்னும் தொழிலில் இருக்கிறாரா? தொலைபேசி எண் மாறியிருக்கிறதா? இவை எதுவும் கோவையின் கண்ணில் படுவதில்லை. சட்டத்தின் பார்வையில் அறிவித்தல் சேர்ந்துவிட்டது.

மலையகத் தமிழருக்கு இதற்கு மேலும் ஒரு சுமை இருக்கிறது. தெல்தோட்டை, கலஹா, புசல்லாவை, நாவலப்பிட்டிப் பக்கத்துத் தோட்டங்களில் லயத்து வீடுகளுக்குத் தனித்தனி முகவரி என்று ஒன்று இருந்ததில்லை. கடிதம் தோட்டத்துக்கு வரும். தோட்டக் கந்தோர் வழியாக ஆளுக்குப் போகும், அல்லது போகாது. கையில் கிடைத்தாலும் அதை வாசிக்க வேண்டுமே. அரசியலமைப்பின் 24-ஆம் உறுப்புரை சிங்களத்தையும் தமிழையும் நீதிமன்ற மொழிகளாக ஏற்கிறது. எனினும் தமிழ் நிருவாக மொழியாக உள்ள பகுதிகளைத் தவிர்ந்த இடங்களில் நீதிமன்ற வழக்கேடும் நடவடிக்கைகளும் சிங்களத்தில்தான். கண்டியும் அப்படிப்பட்ட இடம். அதே உறுப்புரை, மன்றின் மொழி தெரியாத தரப்பினருக்கு மொழிபெயர்ப்பையும் உரைபெயர்ப்பையும் அரசே வழங்க வேண்டும் என்றும், வாதுரையைத் தமிழிலேயே தாக்கல் செய்யலாம் என்றும் சொல்கிறது. ஆனால் அந்த உரிமையைக் கேட்டுப் பெறுவதற்கு முதலில் மன்றுக்கு வர வேண்டும். வரச் சொல்லும் கடிதமே புரியாத மொழியில் இருந்தால் உரிமை வாசலுக்கு வெளியே நின்றுவிடுகிறது. தவணைத் தேதியையும் மன்றின் பெயரையும் தமிழில் இரண்டு வரி சேர்த்து அனுப்ப எந்தச் சட்டத் திருத்தமும் தேவையில்லை. பதிவாளர் அலுவலகம் நினைத்தால் போதும்.

கட்சிக்காரர் எல்லாவற்றையும் ஒழுங்காகச் செய்து, சட்டத்தரணி மட்டும் வராமல் போனால்? இதில் இந்திய உச்ச நீதிமன்றத்தின் ரஃபீக் எதிர் முன்ஷிலால் தீர்ப்பு இன்றும் நெஞ்சைத் தொடுவது. அலகாபாத் உயர் நீதிமன்றில் சட்டத்தரணி வராததால் மேன்முறையீடு தள்ளுபடியானது. 1981-இல் நீதியரசர் டி. ஏ. தேசாய், கிராமத்தில் இருக்கும் ஒருவர் தன்னால் இயன்றதைச் செய்துவிட்டு, சட்டத்தரணியை நம்பி வீட்டில் இருப்பது குற்றமல்ல என்று கண்டார். தூரத்து நகரத்துக்கு வந்து, தன் சட்டத்தரணி மன்றில் நிற்கிறாரா என்று காவல் பார்க்க அவரால் முடியாது. முகவரின் தவறுக்கு அப்பாவி கட்சிக்காரர் துன்பப்படலாகாது என்று மேன்முறையீடு மீட்கப்பட்டது. எதிர்த்தரப்புக்கான செலவுத் தொகை 200 ரூபாயை, வராத சட்டத்தரணியிடமே அறவிடும்படி கட்டளையாயிற்று. தொகை சிறிது, யார் சுமக்க வேண்டும் என்பதில் மன்று காட்டிய தெளிவு பெரிது. பின்னர் 1993-இல் சலில் தத்தா வழக்கில் அதே உச்ச நீதிமன்றம், இது எல்லா வழக்குக்கும் பொருந்தும் பொதுவிதி அல்ல என்று எல்லை போட்டது. நகரத்தில் இருந்துகொண்டு, படித்தவர்களால் நடத்தப்படும் நிறுவனம் ஒன்று, எல்லாம் சட்டத்தரணியின் தவறு என்று சொல்லித் தப்ப முடியாது. அந்த எல்லையும் நியாயமானதே. இரண்டு தீர்ப்புகளையும் சேர்த்து வாசித்தால், கேட்க வேண்டிய கேள்வி கட்சிக்காரர் யார், அவரால் என்ன செய்திருக்க முடியும் என்பதுதான்.

இலங்கையில் இந்தப் பொருளில் அடிக்கடி எடுத்துக்காட்டப்படுவது, 1994-ஆம் ஆண்டின் சட்ட அறிக்கையில் வெளியான ஜினதாச எதிர் சாம் சில்வா தீர்ப்பு. நீதியரசர் ஏ. ஆர். பி. அமரசிங்க, தோன்றாமையால் தள்ளுபடியானதை மீட்பது பற்றி விரிவாக எழுதினார். போதிய காரணம் இருந்ததா என்பதே அதில் மையமான கேள்வி. காரணத்தைக் காட்டும் பொறுப்பு விண்ணப்பிப்பவருடையது; மன்று அனுதாபத்தால் மட்டும் கதவைத் திறப்பதில்லை.

எதிர்த்தரப்பில் நிற்பவரையும் மறக்கக்கூடாது. மாவட்ட நீதிமன்றில் வென்றும் காணியில் கால்வைக்க முடியாமல் காத்திருப்பவர் அவர். மேன்முறையீடு நிலுவையில் உள்ளபோதே தீர்ப்பாணையை நிறைவேற்றிக்கொள்ள 763-ஆம் பிரிவு வழி தந்தாலும், எதிராளி தனக்குப் பெரும் நட்டம் வரும் என்று காட்டினால் அதை நிறுத்தி வைக்கவும் முடியும். காணியில் குடியிருக்கும் தோற்ற தரப்பினர் சிலருக்கு மேன்முறையீடு என்பது வெல்வதற்கான வழியே அல்ல. காலத்தை இழுப்பதற்கான வழி. தவணைக்குத் தவணை வராமல் இருப்பதும், தள்ளுபடியானதும் மீட்கச் சொல்லி ஓடி வருவதும் அவர்கள் கையாளும் முறை. வென்றவர் முதியவராக இருந்தால் அவருடைய வாழ்நாளே இதில் கரைந்துவிடும். வராதவர்களுக்கெல்லாம் கதவைத் திறந்துவிடு என்று கேட்பது அவருக்குச் செய்யும் அநீதி.

இந்த அநீதிக்கும் பதில், வழக்கேட்டைத் திறந்து பார்ப்பதில்தான் இருக்கிறது. ஏமாற்று மேன்முறையீட்டை வாசித்துப் பார்த்தால் அதில் ஒன்றுமில்லை என்பது சில பக்கங்களிலேயே தெரிந்துவிடும். அப்போது மன்று காரணம் எழுதித் தள்ளலாம். காரணம் எழுதித் தள்ளப்பட்டதை மீட்கச் சொல்லி வருபவருக்குச் சுமை கூடும்: வராமைக்குக் காரணம் காட்டினால் மட்டும் போதாது, வந்திருந்தால் என்ன வாதித்திருப்பார் என்பதையும் சொல்ல வேண்டிய நிலை வரும். வென்றவருக்கும் உறுதியான கட்டளை கையில் கிடைக்கும். வாசித்துப் பார்த்து உண்மையான பிழை ஒன்று கண்ணில் பட்டால், இன்னொரு தவணை கொடுத்து மேன்முறையீட்டாளருக்கு நேரடியாக அறிவித்தல் அனுப்புவது மன்றுக்கு அதிகச் செலவு வைக்காது. இரண்டு நீதிபதிகள் அமரும் மன்றில், பட்டியலில் உள்ள ஒரு மேன்முறையீட்டின் மனுவையும் தீர்ப்பையும் வாசிப்பது எப்படியும் செய்ய வேண்டிய வேலை. மேன்முறையீட்டாளர் வந்து நின்றிருந்தால் அதைச் செய்திருப்பார்கள்.

சட்டத்தரணி எழுந்து தவணை கேட்டு, மன்று மறுத்தபின், எனக்கு அறிவுறுத்தல் இல்லை என்று சொல்லி அமர்ந்துவிட்டால் அது தோன்றியதாகுமா, தோன்றாததாகுமா என்ற கேள்வியும் பழையது. 1920-களின், 30-களின் இலங்கைத் தீர்ப்புகளிலேயே இந்த விவாதம் இருக்கிறது. கட்சிக்காரர் மன்றின் பின் வாங்கில் அமர்ந்திருக்கும்போதே அவர் வழக்கு, வராதவரின் வழக்காக மாறிவிடும் விந்தை இதனால் நேரலாம். நீதிமன்ற முதலியார் வழக்கு இலக்கத்தை அழைக்கும்போது எழுந்து நிற்க வேண்டும் என்பதைக்கூட யாரும் அவருக்குச் சொல்லியிருக்க மாட்டார்கள்.

தள்ளுபடியான பிறகு செய்ய வேண்டியவை சிலவே. அதே மன்றுக்கு, காரணத்தைச் சத்தியக்கடதாசியில் எழுதி விண்ணப்பிக்க வேண்டும். நோய் என்றால் மருத்துவச் சான்றிதழ். தபால் கிடைக்கவில்லை என்றால் அதைக் காட்டும் ஆவணம். சட்டத்தரணியின் பிழை என்றால் அவரே எழுதும் சத்தியக்கடதாசி. மாவட்ட நீதிமன்றில் ஒருதலைப்பட்சத் தீர்ப்பாணைக்கு ஆளான எதிராளிக்கு, அது அவருக்குச் சேர்ப்பிக்கப்பட்டதிலிருந்து 14 நாட்கள் உண்டு என்று கோவை எண்ணிச் சொல்கிறது. 769-ஆம் பிரிவின் கீழ் மீட்கக் கேட்பவருக்கு அப்படி நாள்கணக்கு எழுதப்படவில்லை. இதைச் சலுகை என்று எண்ணிக் காத்திருப்பவர் ஏமாறுவார். எல்லை எழுதப்படாத இடத்தில் தாமதித்த ஒவ்வொரு வாரத்துக்கும் விளக்கம் கேட்கப்படும். சட்ட உதவி ஆணைக்குழு 1978-ஆம் ஆண்டின் 27-ஆம் இலக்கச் சட்டத்தால் அமைந்தது. அதன் கண்டி அலுவலகத்துக்குத் தள்ளுபடிக் கட்டளையின் பிரதியோடு அந்த வாரமே போவது நல்லது.

கண்டி மன்று மீட்க மறுத்தால் மிஞ்சுவது இலங்கையின் அதியுயர் மன்றான உயர் நீதிமன்றம். அங்கே மேன்முறையீடு செய்ய முதலில் அனுமதி பெற வேண்டும். அதற்கு 1990-ஆம் ஆண்டின் உயர் நீதிமன்ற விதிகள் தருவது 42 நாட்கள். அந்த விதிகளின்படி எதிர்த்தரப்புக்கு அறிவித்தல் அனுப்பத் தேவையானவற்றை விண்ணப்பிப்பவரே பதிவாளரிடம் கொடுக்க வேண்டும். அதில் தவறிய விண்ணப்பங்கள் தகுதி பார்க்கப்படாமலே தள்ளுபடியாகியிருக்கின்றன. 2006-ஆம் ஆண்டுச் சட்டம் கண்டிக்குக் கொண்டுவந்த மேன்முறையீடு, வராமையால் தள்ளுபடியான ஒருவரை மறுபடியும் புதுக்கடைக்கே அனுப்பி வைக்கிறது. அங்கே அவர் வாதிட வேண்டியது தன் காணியைப் பற்றியல்ல, தான் அன்று ஏன் வரவில்லை என்பதைப் பற்றி.